எந்தத் தீவு, எந்தக் காலம், யாருடைய பாட்டன்?

வாசகர் கேள்வி – பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே ஒரு கடிதத்தால் வந்த வினை. இரண்டு இதழ்களுக்கு முன் திரைக்கதை எழுதும் வாசகர் ஒருவர், பசிபிக் கடலோடிகளைப் பற்றிப் படம் எழுதப்போவதாக நாலு வரி எழுதியிருந்தார். நானும் "நல்லது, விவரமாக எழுதுங்கள்" என்று சொல்லி வைத்தேன். மனிதர் பதினோரு பக்கக் கதைச்சுருக்கத்தோடு வந்துவிட்டார். அதைப் பார்த்து மற்றவர்களும் ஆளுக்கொரு கேள்வியோடு வந்திருக்கிறார்கள். எனவே இந்த இதழ் முழுக்கப் பசிபிக்தான், மற்ற கேள்விகளுக்கு அடுத்த இதழில் பதில்.

கேள்வி: பாலினீசிய வரலாற்றுக்குள் விழுந்து இரண்டு வருடமாகிறது, இன்னும் வெளியே வரவில்லை. திசைகாட்டி இல்லாமல் பெருங்கடலைக் கடந்த ஒரு மாலுமியின் கதையை எழுத ஆசை. ஆனால் நான் அந்த மண்ணின் ஆள் இல்லை. நான் எழுதலாமா? எழுதினால் அவர்கள் மனம் நோகாமல் எழுதுவது எப்படி? (கதைச்சுருக்கம் இணைத்துள்ளேன்.)

எழுதலாம். அந்த மண்ணில் பிறந்தவர்தான் எழுதவேண்டும் என்று சட்டம் ஏதும் இல்லை. ஆனால் உங்கள் சுருக்கத்தின் முதல் வரியிலேயே நின்றுவிட்டேன். "பாலினீசியத் தீவு ஒன்றில்" என்று தொடங்குகிறீர்கள். எந்தத் தீவு?

பாலினீசியா என்பது அந்த மக்கள் தங்களுக்கு வைத்துக்கொண்ட பெயர் இல்லை. 1756ல் சார்ல் தெ ப்ரோஸ் என்ற பிரெஞ்சு அறிஞர், பசிபிக் பக்கமே போகாமல், கிரேக்கத்தில் 'பல தீவுகள்' என்று பொருள் வருகிற மாதிரி ஒட்டவைத்த சொல் அது. அவர் மொத்தப் பசிபிக்குக்கும் அதை வைத்தார். பிறகு 1830களில் துமோன் துர்வில் என்ற இன்னொரு பிரெஞ்சுக்காரர் மெலனீசியா, மைக்ரோனீசியா என்று பிரித்து, மிச்சத்தைப் பாலினீசியா என்று விட்டார். அந்த மிச்சம் எவ்வளவு பெரிது தெரியுமா? ஹவாய், நியூசிலாந்து, ராப்பா நூயி (நாம் ஈஸ்டர் தீவு என்போமே, அது) மூன்றையும் கோட்டால் இணைத்தால் வருகிற முக்கோணம். ஹவாயிலிருந்து நியூசிலாந்துக்கு மட்டும் ஏழாயிரம் கிலோமீட்டருக்கு மேல். மொழிகளுக்குள் உறவு உண்டு, தெய்வங்களுக்குள் உறவு உண்டு, ஆனால் சமோவாக்காரர் சமோவாக்காரர்தான், டோங்காக்காரர் டோங்காக்காரர்தான்.

இப்போது உங்கள் நாயகனைப் பாருங்கள். சமோவாவில் பிறக்கிறான். முகத்தில் பச்சை குத்தியிருக்கிறான், அது நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரிகளுடையது. எரிமலைத் தேவி பெலேயைக் கும்பிடுகிறான், அவள் ஹவாய்க்காரி. கடற்கரையில் பெரிய கல் தலைகள் நிற்கின்றன, அவை ராப்பா நூயியில் மட்டும். ஒரே ஆளைப் பெற்றுப்போட நாலு தீவு தேவைப்பட்டிருக்கிறது.

அப்புறம் ஐந்தாம் பக்கத்து வசனம். "படகு நகரவில்லை, தீவுகள்தான் நம்மை நோக்கி வருகின்றன" என்கிறானே, கேட்க அழகாக இருக்கிறது, உண்மையான மாலுமிச் சிந்தனையும்கூட. படகு அசையாமல் நிற்பதாக மனதில் வைத்துக்கொண்டு, பக்கத்துத் தீவு ஒன்று நட்சத்திரங்களுக்குக் கீழே ஒவ்வொரு புள்ளியாகப் பின்வாங்குவதாகக் கணக்கிட்டு, எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்று அறிகிற முறை. பெயர் எட்டாக். ஆனால் அது கரோலின் தீவுகளில், அதாவது மைக்ரோனீசியாவில் பதிவான முறை. சமோவா மாலுமி வாயில் அதை வைத்தால், இரண்டு ஊர்க்காரர்களுக்கும் கோபம் வரும், இரண்டும் நியாயமான கோபம்.

இதனால்தான் முதலில் தீவைக் கேட்கிறேன். "பாலினீசியத் தீவு ஒன்று" என்று எழுதினால் உங்களை யாரும் வந்து தப்பு என்று சொல்ல முடியாது, அதில் ஒரு சௌகரியம் இருக்கிறது, அந்தச் சௌகரியம்தான் எனக்குச் சந்தேகமாக இருக்கிறது. தீவின் பெயரை, ஊரின் பெயரை எழுதிவிட்டால் கேள்வி கேட்க அங்கே ஆள் இருக்கிறார். போய்க் கதவைத் தட்டவும் ஒரு வீடு கிடைக்கிறது. மாவோரிகளிடம் இது இன்னும் கறார். நியூசிலாந்தைக் கண்டடைந்ததாகச் சொல்லப்படுகிற மூதாதை கூப்பேயின் கதையைப் பல குலங்கள் சொல்லும், ஒவ்வொன்றும் வேறு மாதிரி, ஒவ்வொன்றும் தங்கள் வம்சாவளியோடு சேர்த்து. ஃபகபாபா என்பார்கள், நம் வம்சாவளி மாதிரி, ஆனால் மலையும் ஆறும்கூட அதில் உறவு. கூப்பே அவர்களுக்குப் புராணப் பாத்திரம் இல்லை, பாட்டனுக்குப் பாட்டன். யாரோ ஒருவருடைய பாட்டனை எழுதுகிறோம் என்ற நினைப்போடு எழுதுங்கள்.

கேள்வி: காலம் 'ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்' என்று போட்டிருக்கிறேன். அது போதும்தானே? (அதே வாசகர்)

போதாது. இந்தத் தீவுகளில் ஆயிரம் ஆண்டுக்கு முன் என்பது இடத்துக்கு இடம் வேறு உலகம். லப்பீட்டா என்று நாம் இன்று அழைக்கிற, புள்ளி குத்தி அலங்கரித்த மண்பாண்டம் செய்த மக்கள் சுமார் 2800 ஆண்டுகளுக்கு முன்பே டோங்காவுக்கும் சமோவாவுக்கும் வந்துவிட்டார்கள். வந்தவர்கள் அப்படியே ஆயிரம் ஆண்டுக்கு மேல் அங்கேயே இருந்துவிட்டார்கள். ஏன் அவ்வளவு காலம் நின்றார்கள் என்று ஆய்வாளர்கள் இன்னும் மல்லுக்கட்டுகிறார்கள். பிறகு, கி.பி. 1000ஐ ஒட்டி, திடீரென்று கிளம்பி, சில நூற்றாண்டுகளுக்குள் தஹிட்டி, ஹவாய், ராப்பா நூயி எல்லாம் போய்ச் சேர்கிறார்கள். கடைசியாக நியூசிலாந்து, 1250க்கும் 1300க்கும் இடையில்.

ஆக, உங்கள் 'ஆயிரம் ஆண்டுக்கு முன்' நியூசிலாந்தில் என்றால் நாயகனுக்குப் பேச்சுத்துணையே கிடையாது, மோவா என்ற பிரம்மாண்டமான பறக்காத பறவைகள்தான் நடமாடும். சமோவா என்றால் அது புது மண் இல்லை, பதினெட்டு நூற்றாண்டு பழைய ஊர். அவனுக்கு அங்கே பாட்டி கதை உண்டு, பங்காளிச் சண்டை உண்டு.

குடிசைக்குள் மண்பானை வைத்திருக்கிறீர்கள், எடுத்துவிடுங்கள். அதற்குள் அவர்கள் பானை வனைவதையே விட்டிருந்தார்கள். குழி தோண்டி, கல்லைப் பழுக்கக் காய்ச்சி, இலையில் பொதிந்து மண்ணுக்குள் வேகவைப்பதுதான் சமையல். துணி என்பது மரப்பட்டையைத் தட்டித் தட்டி எடுத்தது. படகில் என்ன ஏற்றினார்கள் என்று பட்டியல் போட்டாலே பாதிக் கதை வந்துவிடும். சேப்பங்கிழங்கு, ஈரப்பலாக் கன்று, வாழைக்கன்று, பட்டைத்துணிக்கான செடி, பன்றி, நாய், கோழி, கூடவே திருட்டுத்தனமாக எலி. கன்றுகளை ஈரப்பாசியிலும் இலையிலும் சுற்றி உப்புத் தண்ணீர் படாமல் வைக்கவேண்டும். ஓர் அலை உள்ளே புகுந்து கன்றுகள் கருகினால் போய்ச் சேருகிற இடத்தில் பத்து வருடத்துக்குச் சாப்பாடு இல்லை. நீங்கள் எழுதியிருக்கிற சுறாச் சண்டையை விட, இரவு முழுக்க ஒரு பெண் தன் உடம்பால் கன்றுகளை மறைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பது எனக்குப் பெரிய காட்சி.

கேள்வி: தென் அமெரிக்காவிலிருந்து கட்டைத் தெப்பத்தில் போய்த் தீவுகளில் குடியேறினார்கள் என்று ஒரு நார்வேக்காரர் நிரூபித்துவிட்டாரே?

தோர் ஹெயர்தால் 1947ல் பெருவிலிருந்து பால்சா மரத் தெப்பத்தில் கிளம்பி 101 நாள் மிதந்து ரரோயா என்ற பவளத்திட்டில் மோதி நின்றார். போகமுடியும் என்பதைத்தான் நிரூபித்தார், போனார்கள் என்பதை இல்லை. மொழி, தொல்லியல், மரபணு மூன்றும் மக்கள் மேற்கிலிருந்து வந்ததையே சொல்கின்றன. ஆனால் சர்க்கரைவள்ளிக் கிழங்கு தென் அமெரிக்காவினுடையது, அது வெள்ளைக்காரர்கள் வருவதற்கு வெகுகாலம் முன்பே பாலினீசியாவில் இருந்தது, மாவோரிகள் அதைக் கூமரா என்பார்கள். 2020ல் வெளிவந்த மரபணு ஆய்வும் கி.பி. 1200 வாக்கில் இரண்டு பக்கத்தாரும் கலந்ததைக் காட்டியது. யார் யாரைத் தேடிப் போனார்கள் என்றால், அவ்வளவு கடலைக் கடக்கிற படகு யாரிடம் இருந்தது என்று பாருங்கள். என் பந்தயம் தீவுக்காரர்கள் மேல்.

கேள்வி: திசையறிவதைத் திரையில் காட்டுவது எப்படி? ஒரு கிழவர் வானத்தைப் பார்த்துத் தலையாட்டினால் போதுமா?

கிழவர் தலையாட்டுகிற காட்சி வேண்டவே வேண்டாம், ஏற்கனவே நிறையப் பார்த்தாயிற்று. அவர் வேலை செய்வதைக் காட்டுங்கள். எந்த நட்சத்திரம் அடிவானத்தில் எந்த இடத்தில் உதிக்கிறது, அது மேலே ஏறிவிட்டால் அதே இடத்தில் அடுத்து எது உதிக்கும், இப்படி ஒரு இரவுக்கு ஒரு சங்கிலி. பகலில் கடலின் நீண்ட அலை. காற்றடித்துக் கிளம்புகிற மேலலை இல்லை, எங்கோ தொலைவில் பிறந்து நாள்கணக்கில் ஒரே திசையில் வருகிற புடைப்பு. மூன்று திசையிலிருந்து மூன்று புடைப்பு ஒரே நேரத்தில் படகுக்கு அடியில் போகும், அவற்றைப் பிரித்தறிய வேண்டும். மேகம் மூடிய இரவில் மாலுமி படகின் அடியில் படுத்துக்கொண்டு முதுகால் அதைப் படிப்பார். கரை நெருங்கினால் சில பறவைகள் சாட்சி சொல்லும், காலையில் கடலுக்கு மீன்பிடிக்கப் பறந்து மாலையில் கரைக்குத் திரும்புகிறவை.

ஹவாய்க்காரர்கள் ஹோகுலேஆ என்கிற நட்சத்திரம் நம் சுவாதிதான். ஹவாய் இருக்கிற அட்சரேகையில் சுவாதி நேர் உச்சியில் கடக்கும். தெற்கிலிருந்து வருகிறவன் ஒவ்வொரு இரவும் அது கொஞ்சம் கொஞ்சமாக உச்சிக்கு ஏறுவதைப் பார்த்துக்கொண்டே வருவான், தலைக்கு நேரே வந்த இரவில் படகைத் திருப்புவான்.

இந்த வித்தை ஹவாயில் ஏறக்குறைய செத்தே போயிருந்தது. தீவுக்காரர்கள் தற்செயலாக அடித்துக்கொண்டு போய்க் கரை ஒதுங்கியவர்கள் என்று 1950களில் புத்தகம் போட்டே வாதாடினார்கள். அதற்குப் பதிலாகத்தான் 1973ல் பாலினீசியக் கடற்பயணச் சங்கம் உருவாகி, அதே சுவாதியின் பெயரில் இரட்டைப் படகு ஒன்று கட்டப்பட்டது. 1976ல் ஹவாயின் மாவி தீவிலிருந்து தஹிட்டிக்கு, கருவி ஏதும் இல்லாமல். ஓட்ட ஹவாயில் ஆள் இல்லை. மைக்ரோனீசியாவில் சட்டவால் என்ற குட்டித் தீவிலிருந்து மாவ் பியாய்லுக் வந்தார். தன் ஊர் வழக்கப்படி வெளியாருக்குச் சொல்லித்தரக்கூடாத வித்தையைச் சொல்லித்தர முன்வந்தார். தஹிட்டியின் துறைமுகமான பாப்பேட்டேயில் 17,000க்கும் மேற்பட்ட ஜனம் காத்திருந்தது. குழந்தைகள் ஏறிய கனத்தில் படகின் பின்பக்கம் தண்ணீருக்குள் அமுங்கியது.

இதுவரை எல்லோரும் எழுதுவார்கள். எழுதாமல் விடுகிற பகுதி ஒன்று உண்டு. அந்தப் பயணத்தில் படகுக்குள் கடும் சண்டை. இது யாருடைய பயணம், ஆராய்ச்சியாளர்களுடையதா ஹவாய் மக்களுடையதா என்று வாய்த்தகராறு முற்றி அடிதடி வரை போனது. மனம் வெறுத்துப்போன மாவ் திரும்பும் பயணத்துக்கு வராமல் ஊருக்குப் போய்விட்டார். பிறகு நைனோவா தாம்ப்சன் என்ற ஹவாய் இளைஞர் அவரைத் தேடிப் பிடித்து, அவரிடம் கற்று, 1980ல் தானே தஹிட்டிக்கு ஓட்டிக்கொண்டு போய்த் திரும்பினார். மதிப்பு என்ற பெயரில் எல்லோரையும் ஞானிகளாக்கி வைத்தால் இந்தச் சண்டையை எழுத முடியாது, சண்டை இல்லாமல் மாவின் பெருந்தன்மையும் தெரியாது.

(ஒரு சின்ன விஷயம். தமிழ் வசனத்தில் இந்தப் படகைக் 'கட்டுமரம்' என்று எழுதாதீர்கள். ஆங்கிலக்காரன் நம் சொல்லை எடுத்துக்கொண்டு போய் அவர்கள் படகுக்கு வைத்துவிட்டான். நம்முடையது மரத்தோடு மரம் சேர்த்துக் கட்டியது, அவர்களுடையது இரண்டு படகுக்கு நடுவே தளம் போட்டது.)

கேள்வி: ஹாகா ஆட்டம் ஒன்றும் உடம்பு முழுக்கப் பச்சையும் வைத்தால் படம் கம்பீரமாக இருக்குமே. யாரிடம் அனுமதி கேட்கவேண்டும்?

ரக்பி மைதானத்தில் உலகமே பார்க்கிற 'கா மாட்டே' ஹாகாவுக்கு ஆசிரியர் உண்டு. 1820 வாக்கில் ங்காட்டி தோவா குலத் தலைவர் தே ரௌபராஹா இயற்றியது. எதிரிகள் துரத்த, கிழங்குக் குழிக்குள் ஒளிந்திருந்து உயிர் பிழைத்து வெளியே வந்தவரின் பாட்டு அது. நியூசிலாந்து 2014ல் இதற்கென்றே ஒரு சட்டம் போட்டது. திரைப்படத்தில் பயன்படுத்தினால் அவர்தான் இயற்றினார், அவர் இந்தக் குலத்தின் தலைவர் என்று கண்ணில் படும்படி போடவேண்டும். காசு கேட்கவில்லை, பெயரைத்தான் கேட்டார்கள். ஹாகா என்றாலே போர்நடனம் என்று நினைப்பதும் பாதி உண்மைதான், கல்யாணத்திலும் சாவிலும் பள்ளிக்கூடத்திலும் உண்டு.

பச்சை வேறு விஷயம். டாட்டூ என்ற ஆங்கிலச் சொல்லே அங்கிருந்து போனதுதான், ததாவ். சமோவாவில் ஆண்களுக்கு இடுப்பிலிருந்து முழங்கால் வரை பெஆ, பெண்களுக்குத் தொடையில் மாலு. பாதியில் வலி தாங்காமல் எழுந்து போனால் குடும்பத்துக்கே அவமானம். மாவோரிகள் முகத்தில் குத்துகிற மோகோ ஒருவருடைய வம்சாவளியைச் சொல்லும், அதை இன்னொருவர் முகத்தில் நகல் எடுப்பது அவர் அடையாள அட்டையைத் திருடி மாட்டிக்கொள்கிற மாதிரி. வெளியாருக்காக, வம்சாவளி சொல்லாத வடிவங்களை கிரிதூஹி என்ற தனிப் பெயரில் போடுகிறார்கள். நடிகருக்கு எதை வரைவது என்பதை ஒப்பனைக்காரரிடம் விடாதீர்கள், அந்தக் கலைஞர்களிடமே கேட்டு, அவர்களுக்குக் கூலியும் பெயரும் கொடுத்து வரையச் சொல்லுங்கள்.

கேள்வி: ஆலோசகர் ஒருவரை வைத்துக்கொண்டால் பிரச்சினை தீர்ந்ததா?

ஒரு பங்கு தீரும். 2016ல் டிஸ்னி 'மோவானா' எடுத்தபோது ஓஷியானிக் ஸ்டோரி ட்ரஸ்ட் என்று தீவுகளைச் சேர்ந்த அறிஞர்களும் கலைஞர்களும் கொண்ட குழுவையே வைத்திருந்தார்கள். அதே நிறுவனத்தின் கடைப் பிரிவு, படம் வருவதற்கு இரண்டு மாதம் முன், மாவி தெய்வத்தின் பழுப்புத் தோலும் பச்சையும் அச்சடித்த ஆடை ஒன்றைக் குழந்தைகளுக்கு விற்க வைத்தது. இன்னொருவர் தோலையே மாட்டிக்கொள்வதா என்று கண்டனம் எழுந்து உடனே திரும்பப் பெற்றுக்கொண்டார்கள். கதை எழுதுகிற அறையில் ஆலோசகர் இருந்தார், சாமான் விற்கிற அறையில் இல்லை.

நான் பார்த்தவரை பெரும்பாலான ஆலோசகர்களைக் கூப்பிடுவது கதை முடிந்த பிறகு. உச்சரிப்பு சரியா, உடை சரியா என்று கேட்பார்கள். "இந்தக் கதையையே எடுக்காதீர்கள்" என்று சொல்ல அவருக்கு உரிமை உண்டா? அப்படிச் சொன்னால் கேட்பீர்களா? ஒரு வரிக் கதையாக இருக்கும்போதே போய்க் கேளுங்கள், சம்பளம் கொடுத்துக் கேளுங்கள்.

மாவோரி இயக்குநர் பாரி பார்க்ளே ஒரு யோசனை சொல்லிவிட்டுப் போனார், எனக்கு அது எந்த வழிகாட்டிக் கையேட்டையும் விடப் பயன்பட்டது. தீவுப் படங்களில் கேமரா எப்போதும் கப்பல் தளத்தில் நின்று கரையைப் பார்க்கிறது, அதைக் கரையில் கொண்டுபோய் வைத்தால் என்ன நடக்கும் என்று கேட்டார். உங்கள் பதினோரு பக்கத்தில் கேமரா எங்கெங்கே நிற்கிறது என்று பென்சிலால் குறித்துப் பாருங்களேன். நான் குறித்துப் பார்த்தேன். ஒன்பது பக்கம் கப்பலில்.

கேள்வி: ஹூலா ஆடுகிற அழகிகள் இல்லாமல் ஹவாய்ப் படமா?

ஹூலா என்பது வரலாற்றையும் வம்சத்தையும் மந்திரமாக ஓதி ஆடுகிற கலை. பாதிரியார்கள் வந்தபின் 1830ல் பொது இடத்தில் ஆடத் தடை வந்தது. மன்னர் கலாகவா 1883ல் தன் முடிசூட்டு விழாவில் வேண்டுமென்றே ஆடவைத்தார். பத்தே ஆண்டில், 1893ல், அவர் தங்கை லிலியுவோகலானி அரசியாக இருந்தபோது அமெரிக்க வியாபாரிகள் ஆட்சியைக் கவிழ்த்தார்கள், 1896ல் பள்ளிக்கூடத்தில் ஹவாய் மொழியில் பாடம் நடத்துவதும் போயிற்று. அழகிகளை வையுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. எதை ஓதி ஆடுகிறார்கள் என்பதையும் சேர்த்து வையுங்கள்.

கேள்வி: ராப்பா நூயிக்காரர்கள் சிலை செய்கிற வெறியில் மரத்தையெல்லாம் வெட்டித் தாங்களே அழிந்தார்களே, அதையே கதையாக்கினால் சுற்றுச்சூழல் பாடமாகவும் இருக்குமே?

இதே பாடத்தை இதே பக்கத்தில் நானே ஒருமுறை நடத்தியிருக்கிறேன், படித்துவிட்டு ஒரு வாசகர் கிழித்து அனுப்பினார், நியாயம்தான். மரம் அழிந்தது உண்மை, அதில் எலிகளுக்கும் பங்கு உண்டு. ஆனால் மக்கள்தொகை தானாகச் சரிந்தது என்பதற்கு ஆதாரம் இல்லை என்று 2024ல் பழைய எலும்புகளின் மரபணு ஆய்வும் சொல்லிவிட்டது. அவர்களை அழித்தது வேறு. 1862-63ல் பெருவிலிருந்து வந்த ஆள்பிடி கப்பல்கள் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களை அள்ளிக்கொண்டு போயின. திரும்பிவந்த கொஞ்சம் பேர் அம்மையைக் கொண்டுவந்தார்கள். 1877ல் தீவில் மிச்சமிருந்தவர்கள் 111 பேர். தங்களை அழித்தவர்கள் என்று அவர்களைப் படமெடுத்தால் ஆள்பிடி கப்பல்காரனுக்கு நல்ல பெயர்.

கேள்வி: மாவோரிகள் லெமூரியாவிலிருந்து பிரிந்த தமிழர்கள் என்று ஒரு காணொளியில் பார்த்தேன். அதைச் சேர்த்தால் படம் ஓடுமே!

ஓடும், அதுதான் எனக்குப் பயம். லெமூரியா என்பது 1864ல் ஃபிலிப் ஸ்கிளேட்டர் என்ற விலங்கியலாளர் லெமூர் என்ற குரங்கு போன்ற விலங்குகளின் பரவலை விளக்கக் கற்பனை செய்த நிலம். பிறகு கண்டங்கள் நகர்கின்றன என்று தெரிந்ததும் அந்தக் கற்பனைக்கு வேலை இல்லாமல் போயிற்று. பாலினீசிய மொழிகள் ஆஸ்ட்ரோனீசியக் குடும்பம், உறவுக்காரர்கள் தைவானிலிருந்து பிலிப்பைன்ஸ், இந்தோனேசியா வழியாக மடகாஸ்கர் வரை. நாம் அந்தப் பட்டியலில் இல்லை. ஒரு மக்கள் கடலையே கடந்து எழுதிய வரலாற்றை எடுத்து "இது எங்களுடையது" என்று சொல்வதைத்தான் வெள்ளைக்காரர்கள் முதலில் செய்தார்கள், நாமும் வரிசையில் போய் நிற்கவேண்டுமா?

ஆனால் நிஜமாகவே ஒரு தமிழ்த் தொடர்பு இருக்கிறது, இதைப் பதினோரு பக்கத்தில் காணோம். 1836 வாக்கில் நியூசிலாந்தின் வடக்கே, வாங்காரே பக்கம், வில்லியம் கொலென்சோ என்ற மிஷனரி ஒரு மாவோரி கிராமத்துக்குப் போகிறார். பெண்கள் அடுப்பில் உருளைக்கிழங்கு வேகவைத்துக்கொண்டிருக்கிறார்கள், பாத்திரம் வெண்கலம். கிட்டே போய்ப் பார்த்தால் அது பாத்திரம் இல்லை, உடைந்த மணி ஒன்றின் மேல்பாகம், கவிழ்த்துப் போட்டிருக்கிறது, சுற்றிலும் எழுத்து. புயலில் சாய்ந்த மரத்தின் வேரடியில் எப்போதோ கிடைத்தது என்றார்கள். எழுத்து தமிழ். "முகைய்யதீன் வக்குசு உடைய கப்பல் உடைய மணி." ஒரு சாண் உயரம்கூட இராது. இன்று வெலிங்டனில் தே பாப்பா அருங்காட்சியகத்தில் இருக்கிறது. முகைய்யதீன் வக்குசின் கப்பல் அங்கே போனதா, அநாதையாக மிதந்து ஒதுங்கியதா, கைமாறிக் கைமாறி மணி மட்டும் போனதா, ஒருவருக்கும் தெரியாது.

தமிழில் எழுதுகிறவருக்கு இதைவிட நேர்மையான வாசல் கிடைக்காது. ஆனால் உடனே முகைய்யதீனை நாயகனாக்கிக் கப்பலேறிவிடாதீர்கள். வேரடியில் அதைக் கண்டெடுத்து, தட்டிப்பார்த்து, ஓசையை விட உள்ளே கொள்ளுகிற தண்ணீர்தான் உபயோகம் என்று முடிவெடுத்த பெண்ணிடமிருந்து ஆரம்பித்துப் பாருங்கள்.

கேள்வி: தீவு மொழிப் பெயர்களைத் தமிழில் எழுதுவதில் சிக்கல் உண்டா?

ஆங்கிலத்தை விடக் குறைவு, நமக்குக் குறில் நெடில் இருக்கிறது. தொண்டையில் ஒரு நிறுத்தம் வரும், அதற்குத்தான் எழுத்து இல்லை. ஹவாய் மொழியில் பௌ என்றால் முடிந்தது. நடுவே நிறுத்தி ப-உ என்றால் கரி. இரண்டையும் நீட்டிப் பா-ஊ என்றால் பாவாடை. நாயகி பாவாடை கேட்கிற காட்சியில் கவனம்.

கேள்வி: பழங்கால மாலுமி வேண்டாம் என்றால் வேறு யாரை எழுதலாம்? (மறுபடி அதே வாசகர், கொஞ்சம் சோர்ந்து)

சோர்வு எதற்கு? டுபையா இருக்கிறார். ராயாட்டேயா தீவின் பூசாரி, மாலுமி, ராஜதந்திரி. 1769ல் தஹிட்டியில் கேப்டன் குக்கின் கப்பலில் ஏறினார், 74 தீவுகள் கொண்ட வரைபடம் ஒன்றுக்கு வித்திட்டார். நியூசிலாந்தில் இறங்கியதும் மாவோரிகளிடம் அவர் பேசினார், அவர்களுக்குப் புரிந்தது. கப்பலே அவருடையது என்று நினைத்தார்கள். 1770 டிசம்பரில் பத்தாவியாவில், இன்றைய ஜகார்த்தாவில், நோயில் செத்துப்போனார். 1773ல் குக் திரும்ப வந்தபோது மாவோரிகள் விசாரித்தது டுபையாவைத்தான். அவர் வரைந்த நீர்வண்ணப் படம் ஒன்று லண்டனில் இருக்கிறது. ஒரு மாவோரி கடல்நண்டு விற்கிறார், ஓர் ஆங்கிலேயர் வாங்குகிறார். நண்டை விட்டுவிடாமல் அவர், கையில் இருக்கும் பொருளை விட்டுவிடாமல் இவர். இரண்டு பேரையும் தள்ளி நின்று பார்த்து வரைந்திருக்கிறார், எனக்கென்னவோ கொஞ்சம் சிரித்துக்கொண்டே. இதை வரைந்தது யார் என்று 1997 வரை யாருக்கும் தெரியாது.

பழங்காலமே வேண்டாம் என்றால் 1970களின் நியூசிலாந்து. விடியற்காலையில் போலீஸ் கதவைத் தட்டி விசாக் காலம் முடிந்தவர்களைத் தேடினார்கள். அப்படித் தங்கியவர்களில் பசிபிக் தீவுக்காரர்கள் மூன்றில் ஒரு பங்குதான், வழக்குப் போடப்பட்டவர்களில் 86 சதவீதம் அவர்கள் என்று 1980களின் கணக்கு ஒன்று காட்டியது. 2021 ஆகஸ்ட் 1 அன்று பிரதமர் ஜெசிந்தா ஆர்டர்ன் மன்னிப்புக் கேட்டபோது, சமோவா வழக்கப்படி அவர் தலைமேல் நேர்த்தியான பாய் ஒன்றைப் போர்த்தினார்கள். தப்பு செய்தவர் பாய்க்கடியில் உட்கார்ந்திருக்கவேண்டும், பாதிக்கப்பட்டவர்கள் மனமிரங்கினால் வந்து எடுப்பார்கள். எடுத்தார்கள்.

கேள்வி: அப்படியானால் என் பதினோரு பக்கத்தையும் கிழித்துப் போடவா?

ஏழாம் பக்கத்தைக் கிழிக்காதீர்கள். காவலுக்கு இருக்கிற பையன் மேகத்தில் நட்சத்திரத்தைத் தவறவிட்டுவிட்டு, தூங்குகிற அப்பாவை எழுப்பிச் சொல்லப் பயந்து, விடியும் வரை தெரிந்த மாதிரியே துடுப்பைப் பிடித்துக்கொண்டு நிற்கிறானே, அது நீங்கள் புத்தகத்தில் படித்தது இல்லை என்று பார்த்தாலே தெரிகிறது. அவனை வைத்துக்கொள்ளுங்கள். பெயரை மட்டும் இப்போது வைக்கவேண்டாம். தீவு முடிவாகட்டும், அங்கே ஒருவரிடம் கேட்டு வைக்கலாம்.